பிளாஸ்மா மெஷினோடு வேலை பார்த்தவர்கள்: எல்லைப்பக்கத்து அனுபவங்கள்

கொழிஞ்சாம்பாறைக்காரன்

வணக்கம். கேரளா-தமிழ்நாடு எல்லையோரத்தில் இருக்கும் நம்ம கொழிஞ்சாம்பாறை, சித்தூர், வேலந்தாவளம், கோபாலபுரம், மீனாட்சிபுரம் பக்கமிருந்து செமிகண்டக்டர் துறைக்குப் போனவர்கள் இங்கே சிலராவது இருப்பீர்கள். சிப் டிசைன் பற்றி எழுத ஆள் உண்டு. சிப் செய்கிற மெஷினைச் செய்பவர்கள், அதைக் கழற்றி மாட்டுபவர்கள் தங்கள் அனுபவத்தைத் தமிழில் எழுதி நான் அதிகம் பார்த்ததில்லை. அதற்காகத்தான் இந்த இழை. நானே தொடங்குகிறேன்.

வேஃபர் (சிப் உருவாகும் மெல்லிய சிலிக்கான் வில்லை) பிராசஸுக்கான பிளாஸ்மா கருவிகள் செய்யும் ஒரு கம்பெனியில் ஃபீல்டு சர்வீஸ் எஞ்சினியர். கம்பெனி பெயர் வேண்டாம். வேஃபர் மேல் மெல்லிய படலம் படிய வைக்கும் மெஷினும் செய்கிறார்கள், படிந்ததில் தேவையில்லாத இடத்தை அரித்து எடுக்கும் மெஷினும் செய்கிறார்கள். நான் அரிக்கும் பக்கம், எட்ச்.

புதிதாகப் படிப்பவர்களுக்குக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். அலுமினிய சேம்பருக்குள் வேஃபரை வைத்து, காற்றை உறிஞ்சி எடுத்துவிட்டு, வேண்டிய வாயுவை அளந்து விடுவோம். உள்ளே இருக்கும் அழுத்தம் வெளிக்காற்றின் அழுத்தத்தில் சுமார் பத்தாயிரத்தில் ஒரு பங்கு, பல பிராசஸில் அதற்கும் கீழே. அதில் ஆர்.எஃப் பவர், அதாவது ரேடியோ அலைவரிசை மின்சக்தி, கொடுத்தால் வாயு உடைந்து ஒளிர ஆரம்பிக்கும். அதுதான் பிளாஸ்மா. பெரும்பாலும் 13.56 மெகாஹெர்ட்ஸ், தொழிற்சாலை உபயோகத்துக்கென்று உலகம் முழுக்க ஒதுக்கி வைத்த அலைவரிசை அது. கார்பன் டெட்ராஃப்ளூரைடு விட்டால் அதிலிருந்து ஃப்ளூரின் அணுக்கள் பிரியும். அவை சிலிக்கானோடு சேர்ந்து சிலிக்கான் டெட்ராஃப்ளூரைடு என்ற வாயுவாகி பம்ப் வழியே போய்விடும். அமிலத்தில் முக்கினால் எல்லாப் பக்கமும் ஒரே மாதிரி அரித்து, அரிக்கக் கூடாத இடத்தை மூடியிருக்கும் மாஸ்க்குக்கு அடியிலும் புகுந்துவிடும். பிளாஸ்மாவில் அயனிகள் வேஃபரை நோக்கி நேர் செங்குத்தாக இழுக்கப்படுவதால் வெட்டின சுவர் நெட்டாக நிற்கும். கோடுகள் மெலிய மெலிய அமிலத் தொட்டியை விட்டு இதற்கு மாறியதற்குக் காரணம் இதுதான். டேவிட் லாம் 1980-ல் கலிபோர்னியாவில் லாம் ரிசர்ச்சைத் தொடங்கியதே இந்த மாதிரி எட்ச் மெஷின் செய்யத்தான்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். வெளிநாட்டில் ஒரு ஃபேப், அதாவது சிப் ஆலை. ஒரே மெஷினில் நான்கு சேம்பர். அதில் ஒன்றில் மட்டும், மாஸ்க்காகப் பூசியிருக்கும் ஃபோட்டோரெசிஸ்ட் வேண்டியதற்கு மேல் கரைகிறது. ரெசிப்பி மாறவில்லை, கேஸ் ஃப்ளோ சரி, பவர் சரி. ஆர்.எஃப் ஜெனரேட்டரையும், பவரைச் சேம்பருக்குச் சரியாகச் சேர்க்கும் மேட்ச்சையும் மாற்றிவிடலாம் என்று அங்கே எல்லோரும் முடிவு செய்திருந்தார்கள். என்னோடு இருந்த சீனியர் பினாங்குத் தமிழர், இந்த வேலையிலேயே தலை நரைத்தவர். "தம்பி, பார்ட் மாத்துறது அப்புறம். முதல்ல வால்வை மூடு" என்றார்.

பம்ப்புக்குப் போகும் வால்வை மூடிவிட்டு அழுத்தம் எவ்வளவு வேகமாக ஏறுகிறது என்று பார்ப்பதுதான் அந்தச் சோதனை. சுவரில் ஒட்டியிருக்கும் ஈரம் காரணமென்றால் முதலில் ஏறி, போகப் போக வேகம் குறையும். ஓட்டை இருந்தால் குறையவே குறையாது, கோடு போட்ட மாதிரி ஏறிக்கொண்டே போகும். எங்களுக்கு ஏறிக்கொண்டே போனது. அடுத்து ஆர்கான் மட்டும் விட்டு பிளாஸ்மா போட்டோம். சேம்பரின் சின்ன ஜன்னலில் ஆர்கானின் ஊதா நிறம் தெரிய வேண்டும். அதில் ஒரு ரோஸ் சாயல் இருந்தது. கண்ணை மட்டும் நம்பக்கூடாது என்பதால் ஸ்பெக்ட்ரோமீட்டரைப் பார்த்தோம். 337 நானோமீட்டரில் நைட்ரஜன் கோடு தெளிவாக நின்றது. நைட்ரஜன் வருகிறதென்றால் வெளிக்காற்று வருகிறது, கூடவே ஆக்ஸிஜனும் வருகிறது. ரெசிஸ்ட்டைத் தின்றது அந்த ஆக்ஸிஜன்தான்.

பிறகு லீக் டிடெக்டரை மாட்டி ஒவ்வொரு இணைப்பிலும் ஹீலியம் தெளித்துத் தேடினோம். அவர் என்னை மேலிருந்து கீழே வரச் சொன்னார். ஹீலியம் மேலே ஏறும் வாயு. கீழே முதலில் அடித்தால் மேலே இருக்கிற ஓட்டைக்குள் புகுந்து, கீழே ஓட்டை என்று காட்டிவிடும். கடைசியில் அந்த ஜன்னலை அடைக்கும் ரப்பர் வளையத்தில், ஓ-ரிங்கில்தான் கிடைத்தது. கழற்றி வெளிச்சத்தில் பிடித்தால், பிளாஸ்மா பக்கம் பார்த்த ஓரம் மட்டும் பளபளப்புப் போய், நகத்தால் தொட்டால் பொடியாக உதிர்ந்தது. ஃப்ளூரின் ரப்பரையும் விடாது. ஜெனரேட்டர் முழு ஆரோக்கியத்தோடு இருந்தது. மாற்றியிருந்தால் பெரிய செலவு, பிரச்சினையும் தீர்ந்திருக்காது.

அந்த மனிதர் மேல் எனக்கு இன்றும் அவ்வளவு மரியாதை. மெஷினில் ஆயிரம் சென்சார் இருக்கலாம். எதை எந்த வரிசையில் பார்க்க வேண்டும் என்பதை ஆள்தான் ஆளுக்குச் சொல்லிக் கொடுக்க வேண்டியிருக்கிறது. உங்களுக்கு யார் சொல்லிக் கொடுத்தார்கள்? எழுதுங்கள்.

வேலந்தாவளம் பட்டறை

தம்பி எழுதினதைப் படிச்சதும் எழுதணும்னு தோணுச்சுங்க. நான் மெஷினை ஓட்டிப் பார்த்தவன் இல்லை. எங்கள் பட்டறை செக்போஸ்டுக்குத் தமிழ்நாட்டுப் பக்கம். முன்பு பம்ப்செட் பாகங்கள்தான் செய்துகொண்டிருந்தோம். கோயமுத்தூரில் ஒரு பெரிய ஷாப் வழியாக வேக்குவம் சேம்பர் பாகங்களுக்கு ஜாப் ஒர்க் வந்தது. 6061 ரக அலுமினியம், சி.என்.சி-யில் கடைந்து, மேலே கெட்டியான ஆக்ஸைடு படலம் ஏற்றும் ஹார்டு அனோடைசிங்குக்கு வெளியே அனுப்புவோம்.

பம்ப் பாகத்தில் நாங்கள் பார்க்கிறது அளவு. இதில் அளவு சரியாக இருந்தும் திருப்பி அனுப்பிவிட்டார்கள். ஓ-ரிங் உட்காரும் முகத்தில் ஒரு கீறல், தலைமுடி கனம்கூட இருக்காது. ஆய்வுக்கு வந்த அம்மா சின்ன வயசுதான், ரொம்பப் பொறுமையாகச் சொன்னார்: "அண்ணா, கீறல் வட்டத்தோடயே சுத்திப் போச்சுன்னா ரிங் அதை மூடிக்கும். வட்டத்துக்குக் குறுக்கே உள்ளிருந்து வெளியே போச்சுன்னா அது காத்துக்கு வெட்டி விட்ட வாய்க்கால்." அதுக்கப்புறம் அந்த முகத்தில் எமரி பேப்பரை யாரும் குறுக்கே தேய்க்க விடுவதில்லை. கடைசல் கோடு வட்டமாகவே இருக்கணும்.

இன்னொன்று, போல்ட். சேம்பருக்குள் வரும் போல்ட்டுக்கு நடுவில் தலையிலிருந்து நுனி வரைக்கும் ஒரு துளை போட்டிருப்பார்கள். முதலில் பார்த்தபோது போல்ட்டின் பலத்தை ஏன் இப்படிக் குறைக்கிறார்கள் என்று நினைத்தேன். மறுபக்கம் திறக்காத துளையில் சாதா போல்ட்டை முறுக்கினால் அடியில் கொஞ்சம் காற்று மாட்டிக்கொள்ளும். வேக்குவம் போட்டதும் அது மரை வழியாகக் கொஞ்சம் கொஞ்சமாகக் கசிந்துகொண்டே இருக்கும். வெளியே எங்கே ஹீலியம் அடித்தாலும் காட்டாது, ஏனென்றால் ஓட்டையே கிடையாது. அந்தக் காற்று சட்டென்று வெளியே வரத்தான் அந்தத் துளை. யோசித்தவன் கையைக் கும்பிடணும்.

கேஸ் பரவி இறங்கும் தட்டும் செய்திருக்கிறோம், ஷவர்ஹெட் என்பார்கள். தட்டு முழுக்கப் பொடித் துளைகள். எல்லாத் துளையும் ஒரே அளவில் இருந்தால்தான் வேஃபரின் நடுவும் ஓரமும் ஒரே மாதிரி அரிக்கும் என்றார்கள். ஒரு துளையில் பிசிறு நின்றாலும் மொத்தத் தட்டும் போச்சு. எங்கள் பட்டறையில் அந்தப் பிசிறு பார்க்கும் வேலையைச் செய்வது பத்தாவது வரை படித்த ஒரு பெண். லென்ஸ் வைத்து வரிசை வரிசையாகப் பார்ப்பார். அவர் ஓகே சொன்ன தட்டு இதுவரை திரும்பி வந்ததில்லை. இதைச் சொல்லவே எனக்குப் பெருமையாக இருக்கிறது.

சித்தூர் பொண்ணு

பட்டறை அண்ணாவுக்கும் அந்த அக்காவுக்கும் என் வணக்கம். நான் நீங்கள் செய்யும் தட்டுக்குக் கீழே வேஃபரை வைக்கிற ஆள்.

பி.எச்டி-யில் சிலிக்கானில் ஆழமான, ஒடுங்கிய பள்ளங்கள் தேவைப்பட்டன. எங்கள் கல்லூரியில் அந்த வசதி இல்லை. வெளிக்கல்லூரி மாணவர்களும் பெங்களூரு ஐ.ஐ.எஸ்சி, ஐ.ஐ.டி பம்பாய் போன்ற இடங்களின் கிளீன்ரூமைப் பயன்படுத்த மத்திய அரசின் ஐ.என்.யு.பி என்ற திட்டம் இருக்கிறது. அது வழியாக பெங்களூரு போனேன். தலையில் பூ, கண்ணில் மை, முகத்தில் பவுடர் எல்லாவற்றையும் வாசலிலேயே துடைத்துவிட்டுத்தான் உள்ளே போக வேண்டும்.

அங்கே பார்த்தது பாஷ் பிராசஸ். ஜெர்மனியில் பாஷ் கம்பெனியில் லெர்மர், ஷில்ப் என்ற இருவர் 1990-களில் கொண்டுவந்த முறை. சல்ஃபர் ஹெக்ஸாஃப்ளூரைடு விட்டுச் சில நொடி அரிக்கும். உடனே ஆக்டாஃப்ளூரோசைக்ளோபியூட்டேன் விட்டுப் பள்ளம் முழுக்க டெஃப்லான் மாதிரி ஒரு பூச்சுப் பூசும். அடுத்த சுற்றில் அயனிகள் நேராக விழுவதால் அடித்தளத்தில் இருக்கும் பூச்சு மட்டும் பெயரும், சுவரில் இருப்பது தங்கிவிடும். இப்படி மாறி மாறி இறங்கிக்கொண்டே போகும். ஜன்னலில் பார்த்தால் வாயு மாறும் ஒவ்வொரு முறையும் ஒளியின் நிறம் மாறுவது தெரியும். செல்போனைத் திருப்பினால் திரை திரும்புகிறதே, அந்த மோஷன் சென்சார்களைச் செதுக்குவதில் இந்த முறைக்குப் பெரிய பங்கு உண்டு.

என் முதல் வேஃபர் வெளியே வந்தபோது பள்ளம் இருக்க வேண்டிய இடமெல்லாம் கரி பூசினது போல் கறுப்பு. மனசு விட்டுப்போய்விட்டது. மெஷினைப் பார்த்துக்கொள்ளும் டெக்னீஷியன் சேட்டா, திருச்சூர்க்காரர், அதை வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்துவிட்டு, "பயப்படண்டா, புல்லு முளைச்சிருக்கு" என்றார். எலக்ட்ரான் மைக்ரோஸ்கோப்பில் வைத்தால் உண்மையிலேயே ஊசி ஊசியாகப் புல்வெளி! அடித்தளத்தில் பூச்சு முழுசாகப் பெயராமல் புள்ளி புள்ளியாகத் தங்கினால், ஒவ்வொரு புள்ளிக்கும் கீழே சிலிக்கான் அரிபடாமல் ஊசியாக நின்றுவிடுமாம். ஒளி அதற்குள் விழுந்தால் திரும்பாது, அதனால் கறுப்பு. அவர் பூச்சு நேரத்தை லேசாகக் குறைத்து, ஒரு டம்மி வேஃபரில் ஓட்டிப் பார்த்த பிறகே என்னுடையதை உள்ளே விட்டார். வேஃபர் பளிச்சென்று வந்தது. பக்கவாட்டில் உடைத்துப் பார்த்தால் சுவரில் சின்னச் சின்ன அலை. ஒவ்வொரு அலையும் ஒரு சுற்று. என் தீசிஸ் நன்றியுரையில் கைடுக்கு அடுத்த இடம் அவருக்குத்தான்.

கஞ்சிக்கோடு

எல்லோரும் உள்ளே நடப்பதை எழுதிவிட்டீர்கள். பம்ப்புக்குப் பின்னால் நடப்பதைக் கொஞ்சம் எழுதுகிறேன். வெளிநாட்டு ஃபேப் ஒன்றில் கேஸ், அபேட்மென்ட் (வெளியேறும் வாயுவைச் சுத்தம் செய்யும்) பிரிவில் இருந்தேன்.

அலுமினியத்தை ஃப்ளூரின் வைத்து அரிக்க முடியாது. உண்டாகும் அலுமினியம் ஃப்ளூரைடு வாயுவாகாமல் அங்கேயே உட்கார்ந்துவிடும். அதனால் குளோரின், போரான் டிரைகுளோரைடு. இரண்டும் ஆளுக்கு ஆகாதவை. குளோரின் ஓடிய சேம்பரைத் திறப்பதற்கு முன் நைட்ரஜன் விட்டு, உறிஞ்சி, மறுபடி விட்டு, மறுபடி உறிஞ்ச வேண்டும். அப்படியும் சுவரில் படிந்திருப்பது வெளிக்காற்றின் ஈரம் பட்டதும் ஹைட்ரோகுளோரிக் அமிலமாகும். முகக்கவசம் போட்டு, மூடியைத் தூக்கும் இடத்தில் எக்ஸாஸ்ட் குழாயை வைத்துத்தான் திறப்போம். அவசரம் என்று மேலிடம் எவ்வளவு நெருக்கினாலும் நைட்ரஜன் விட்டு உறிஞ்சும் இந்த பர்ஜ் சுற்றுகளில் ஒன்றைக்கூடக் குறைக்க ஒத்துக்கொள்ளாதீர்கள். படலம் படிய வைக்கும் மெஷினில் சிலேன் வரும். அது காற்றைத் தொட்டதும் தானாகவே பற்றும்.

சித்தூர் தங்கச்சி சொன்ன சல்ஃபர் ஹெக்ஸாஃப்ளூரைடு நச்சு இல்லை, ஆனால் நூறு வருடக் கணக்கில் கார்பன் டை ஆக்ஸைடைவிட இருபதாயிரம் மடங்குக்கும் மேல் பூமியைச் சூடாக்கும். எங்கள் பிரிவு எரித்தும் தண்ணீரில் கழுவியும் அனுப்பாமல் அதை வெளியே விடக்கூடாது. இங்கே புதிதாக வரும் ஆலைகளில் அபேட்மென்ட்டுக்கும் மெஷினுக்குக் கொடுக்கும் அதே மதிப்பைக் கொடுக்க வேண்டும் என்பது என் ஆசை.

மீனாட்சிபுரம் அப்பா

பையன் கொடும்பு பாலிடெக்னிக்கில் கடைசி வருடம். பத்தாவது வரை தமிழ் மீடியம். படித்தது எல்லாம் நல்லபடியாகப் புரிகிறது என்கிறான், இங்கிலீஷ்தான் பயம். இந்த வேலைக்கு அவனை அனுப்பலாமா தம்பி?

கொழிஞ்சாம்பாறைக்காரன்

தாராளமாக அனுப்புங்கள் அண்ணா. நானும் கொழிஞ்சாம்பாறையில் தமிழ் மீடியத்தில் படித்தவன்தான். மெஷின் மேனுவலில் வரும் இங்கிலீஷ் சின்னச் சின்ன வாக்கியம், திரும்பத் திரும்ப வருவது. ஆறு மாதத்தில் பழகிவிடும். பாலிடெக்னிக்கில் நியூமேடிக்ஸ், பி.எல்.சி (மெஷினை ஓட்டும் கன்ட்ரோலர்), எலக்ட்ரிகல் டிராயிங் மூன்றையும் விடாமல் படிக்கச் சொல்லுங்கள். வேக்குவமும் ஆர்.எஃப்-உம் கம்பெனி சொல்லிக் கொடுக்கும்.

கருவி செய்யும் பெரிய கம்பெனிகளுக்கு பெங்களூருவில் ஆபீஸ், லேப் இருக்கிறது. லாம் ரிசர்ச் 60,000 இந்திய எஞ்சினியர்கள் வரை பயிற்சி தரும் திட்டத்தை 2023-ல் அறிவித்தது. குஜராத்தில் தோலேராவில் டாடா ஃபேபுக்கு 2024-ல் அனுமதி கிடைத்தது. அங்கெல்லாம் மெஷின் இறங்கும்போது அதை நிறுவி ஓட்டிக் காட்ட டிப்ளமோ படித்தவர்கள் நிறைய தேவைப்படுவார்கள்.

கஷ்டத்தையும் சொல்லிவிட வேண்டும். ஷிஃப்ட் வேலை, ராத்திரி கால் வரும், பொங்கல் ஓணம் இரண்டுக்கும் லீவு உறுதியில்லை. பாஸ்போர்ட்டை இப்போதே எடுத்து வைக்கட்டும். அப்புறம், ஃபேபுக்குள் போனில் படம் எடுக்க விடமாட்டார்கள், பல இடத்தில் சாதா பேப்பரே உள்ளே வராது. பார்த்த கேஜ் ரீடிங்கை மனதில் வைத்திருந்து வெளியே வந்ததும் நேரத்தோடு எழுதி வைக்கிற பழக்கத்தைக் கல்லூரி லேபிலேயே ஆரம்பிக்கச் சொல்லுங்கள். பட்டறை அண்ணா சம்மதித்தால், லீவு நாளில் வேலந்தாவளத்துக்குப் போய் அந்த ஓ-ரிங் முகம் கடைவதையும் ஒரு தடவை பார்த்துவிட்டு வரட்டும்.

வேலந்தாவளம் பட்டறை

சனிக்கிழமை அனுப்புங்க. அன்னைக்குத்தான் அடுத்த லாட் மெஷினில் ஏறுது.