தீவுக்குத் தீவு காலவேகம் மாறும் நாவல்: எல்லையை எங்கே வைப்பது?

ஐந்து கற்பனைத் தீவுகளைக் களமாகக் கொண்ட என் நாவல், காலக்கணக்குச் சிக்கலால் மூன்று மாதங்களாக ஒன்பதாம் அத்தியாயத்திலேயே நிற்கிறது. மேற்கே ஒவ்வொரு தீவு தள்ளிப் போகும்போதும் காலம் பாதி வேகத்தில் ஓடும். ஆகவே ஐந்தாம் தீவில் 90 நாள்கள் உழைத்துத் திரும்பும் படகோட்டியின் மகள், முதல் தீவில் ஏறத்தாழ நான்கு வயது கூடியிருப்பாள். இந்தப் பிரிவுதான் கதையின் உயிர், இதை நான் கைவிட மாட்டேன்.

தீவுகளுக்கிடையே கடலில் ஒரு கோடு போட்டுப் பார்த்தேன். படகின் முன்பகுதி மெதுவாகவும் பின்பகுதி வேகமாகவும் இயங்க வேண்டியதாயிற்று. வேகத்தைப் படிப்படியாகக் குறைத்தால், அவன் வாரந்தோறும் அனுப்பும் கடிதங்களின் தேதிகள் பொருந்தவில்லை. பெரிங் நீரிணையில் ஏறத்தாழ 4 கி.மீ. இடைவெளியில், நடுவே சர்வதேசத் தேதிக்கோடு செல்லும் டயோமீட் தீவுகளையும், அந்தக் கோட்டின் மறுபக்கத்துக்கு மாற 2011 டிசம்பர் 30-ஐ முற்றிலும் தவிர்த்த பசிபிக் தீவு நாடான சமோவாவையும் படித்தேன். அங்கே நாள்காட்டிதான் மாறுகிறதே தவிர, யாருடைய வயதும் மாறுவதில்லை. ஐன்ஸ்டைனின் சார்பியல் கோட்பாட்டின்படி ஜிபிஎஸ் செயற்கைக்கோள் கடிகாரங்கள் தரையைவிட நாளுக்குச் சுமார் 38 மைக்ரோ நொடிகள் முந்துகின்றன. எனக்கு வேண்டியதோ 16 மடங்கு.

படகும் கடிதங்களும் முரண்படாதிருக்க, காலவேகம் மாறும் இடத்தைக் கரையில் வைப்பதா, கடலில் வைப்பதா?