ஊர் லைசென்ஸ் முடிய 27 நாள், சிங்கப்பூர் பிடிடி (அடிப்படைச் சாலை விதித் தேர்வு) தேதி கிடைப்பது 36 நாள் கழித்து. எதை முதலில் செய்வது?

தஞ்சாவூர்க்காரன்:
வணக்கம். கொஞ்சம் நீளமா இருக்கும், பொறுத்துக்குங்க.

சிங்கப்பூர் வந்து எட்டு மாசம் ஆகுது. மனைவி ஆறு வருஷமா இங்க வேலை பார்க்கிறாங்க, அவங்களோட வந்து சேர்ந்தேன். கையில் இருக்கிறது தமிழ்நாட்டு லைசென்ஸ். 2006-இல் எடுத்தது, அப்ப 20 வருஷத்துக்குப் போட்டுக் கொடுத்தாங்க. முந்தாநாள் பர்ஸில் வேற எதையோ துழாவும்போதுதான் தேதியைப் பார்த்தேன். இன்னும் 27 நாள்தான் இருக்கு.

ஊர் லைசென்ஸை வச்சு இங்க 12 மாசம் ஓட்டலாம்னு நண்பர் சொன்னார். மெதுவா சிங்கப்பூர் லைசென்ஸா மாத்திக்கலாம்னு விட்டுட்டேன். இப்ப அதுக்காக பிடிடி எழுதலாம்னு பார்த்தா 36 நாள் கழிச்சுத்தான் இடம் காட்டுது. அதுக்குள்ள கையில் இருக்கிறது காலாவதியாயிடும்.

இன்னொண்ணு, லைசென்ஸில் என் பேர் இனிஷியலோட இருக்கு. பாஸ்போர்ட்டில் அப்பா பேர் முழுசா பின்னாடி ஒட்டிக்கிட்டு இருக்கு. ரெண்டும் வேற ஆளுன்னு சொல்லிடுவாங்களா?

மனைவிக்கு இது ஏழாம் மாசம். ராத்திரி திடீர்னு கே.கே. மருத்துவமனைக்கு ஓட வேண்டி வந்தா நண்பர் கார் தர்றேன்னு சொல்லியிருக்கார். அதான் அவசரம். முதல்ல ஊரில் புதுப்பிக்கணுமா, இல்ல இங்க மாத்தணுமா? ஊரில் ஒரு புரோக்கர் "நீங்க வரவே வேணாம், முடிச்சுத் தர்றேன்"னு 6,000 ரூபாய் கேட்கிறார்.

கியர்மாற்றி:
ராத்திரி ஓட கிராப் டாக்சி இருக்கு சார். வலியில் மனைவி பக்கத்து சீட்டில் இருக்கும்போது பிஐஇ விரைவுச்சாலையில் நான் ஓட்டியிருக்கேன். எந்த எக்ஸிட்ல இறங்கினேன்னு இன்னிக்கு வரை தெரியாது.

விஷயத்துக்கு வர்றேன். ஊர்ப் பக்கம் பயப்பட ஒண்ணும் இல்ல. 2019-இல் சட்டத்தைத் திருத்தினதிலிருந்து, முடியுறதுக்கு ஒரு வருஷம் முன்னாடியே புதுப்பிக்கலாம், முடிஞ்ச பிறகும் ஒரு வருஷம் வரைக்கும் டெஸ்ட் இல்லாம புதுப்பிக்கலாம். ஒரு வருஷம் தாண்டினாத்தான் மறுபடி ஓட்டிக் காட்டணும். 40 வயசு தாண்டியாச்சுன்னா ஃபார்ம் 1ஏ-ல டாக்டர் கையெழுத்து வேணும். 20 வருஷமெல்லாம் இனி கிடையாது, உங்க வயசுக்குப் பத்து வருஷம்தான் போடுவாங்க.

சிக்கல் இந்தப் பக்கம்தான். இங்க மாத்தணும்னா மனு போடுற அன்னிக்கு ஊர் லைசென்ஸ் செல்லுபடியாகணும். காலாவதியான அட்டையை வச்சுக்கிட்டு மாத்த முடியாது.

வெள்ளிக்கிழமைப் பயணி:
ஹைகமிஷன் மூலமா சர்வதேச பர்மிட் வாங்கிடுங்க, முடிஞ்சது வேலை.

கியர்மாற்றி:
@வெள்ளிக்கிழமைப் பயணி அது தனியா நிக்காதுங்க. ஊர் லைசென்ஸுக்கு ஒரு துணைத்தாள் மாதிரி, அதுவும் ஒரு வருஷத்துக்கு. மூலம் போச்சுன்னா அதுவும் போச்சு. நம்ம தமிழ்நாட்டு அட்டையில் எல்லாம் ஆங்கிலத்திலேயே இருக்கு, மொழிபெயர்ப்புக்காகவும் தேவைப்படாது.

சிராங்கூன் அக்கா:
தம்பி, ஒரு கேள்வி. மனைவி ஆறு வருஷமா இருக்காங்கன்னா நிரந்தரவாசத்துக்குப் போட்டாச்சா?

தஞ்சாவூர்க்காரன்:
ஆமாக்கா, குடும்பமாவே கிடைச்சிடுச்சு. நீல ஐசி (நிரந்தரவாசி அடையாள அட்டை) வாங்கி மூணரை மாசம் ஆகுது. ஏன்க்கா?

சிராங்கூன் அக்கா:
அப்போ அந்த 12 மாதக் கணக்கு உங்களுக்கு இல்லை. அது பாஸில் (வேலை அல்லது குடும்ப அனுமதியில்) இருப்பவர்களுக்கு. நிரந்தரவாசிக்கும் குடிமகனுக்கும் மூன்று மாதம்தான், அதற்குள் சிங்கப்பூர் உரிமம் எடுத்துவிட வேண்டும். உங்கள் நண்பர் பொய் சொல்லவில்லை, அவர் சொன்னபோது நீங்கள் பாஸில் இருந்திருப்பீர்கள். ஐசி மாறிய அன்று இந்தக் கணக்கும் மாறும் என்று யாருக்கும் தோன்றுவதில்லை. என் தம்பி மாப்பிள்ளைக்கும் இதே கதைதான்.

கடைசியாக எப்போது ஓட்டினீர்கள்?

தஞ்சாவூர்க்காரன்:
போன ஞாயித்துக்கிழமை. நண்பர் காரில், தெம்பனிஸ் வரைக்கும்.

சிராங்கூன் அக்கா:
இனிமேல் சாவியைத் தொடாதீங்க. கடுமையாகச் சொல்கிறேன் என்று நினைக்க வேண்டாம். ஊரில் லைசென்ஸ் இல்லாமல் பிடிபட்டால் ஏதோ ஒரு அபராதத்தோடு வண்டி கிளம்பிவிடும் என்ற நினைப்பு நம் ஆட்களிடம் இருக்கிறது. இங்கே செல்லாத உரிமத்தோடு ஓட்டினால் முதல் தடவைக்கே 10,000 வெள்ளி (சிங்கப்பூர் டாலர்) வரை அபராதம், மூன்று ஆண்டு வரை சிறை, அல்லது இரண்டும். காரைக் கொடுத்த நண்பரும் குற்றவாளிதான். இடித்துவிட்டால் காப்புறுதி கைகொடுக்காது. நண்பரிடம் இன்றைக்கே சொல்லிவிடுங்கள், அவருக்கும் தெரியாமல்தான் கொடுத்திருப்பார்.

மூன்று மாதம் தாண்டிவிட்டதால் மாற்றவே முடியாது என்பதில்லை. மாற்றி முடிக்கும்வரை ஓட்டக் கூடாது, அவ்வளவுதான்.

தஞ்சாவூர்க்காரன்:
படிச்சதும் வயித்தைக் கலக்கிடுச்சுக்கா. நண்பருக்குச் சொல்லிட்டேன். அவர் ஒரு நிமிஷம் பேசவே இல்ல. இப்ப 27 நாளுக்குள்ள பிடிடி பாஸ் பண்ணணும்ங்கிறது மட்டும் புரியுது. இடம்தான் இல்லையே?

ஊபி வாசி:
இடம் இருக்கு, நீங்க ஒரே இடத்தில் பார்த்திருப்பீங்க. ஊபி, புக்கிட் பாத்தோக், உட்லண்ட்ஸ்னு மூணு ஓட்டுநர் பயிற்சி நிலையம் இருக்கு. பிடிடி மூணு இடத்திலும் எழுதலாம். எங்க எழுதினாலும் ஒரே தேர்வு, ஒரே மதிப்பு. வீட்டுக்குப் பக்கம்னு பார்க்காதீங்க.

அடுத்தது, கிடைச்ச தேதியை முதல்ல பிடிச்சு வச்சுக்குங்க. அப்புறம் தினமும் ரெண்டு மூணு தடவை உள்ள போய்ப் பாருங்க. வர முடியாதவங்க விடுற இடம் அங்கங்க முளைக்கும். எனக்குக் காலையில எம்ஆர்டி ரயில்ல நின்னுக்கிட்டே பார்த்தப்ப அடுத்த வாரம் புதன்கிழமை ஒண்ணு காலியா தெரிஞ்சது. பூன் லே வர்றதுக்குள்ள புக் பண்ணிட்டேன்.

தேர்வு 50 கேள்வி, 50 நிமிஷம், 45 சரியா வரணும். கட்டணம் 6.50 வெள்ளி. அஞ்சு தப்புதான் தாங்கும். "20 வருஷமா ஓட்டுறேன், இதெல்லாம் ஒரு பரீட்சையா"ன்னு போனவங்கதான் அதிகமா விழுறாங்க. ரெண்டு ஊரிலயும் இடது பக்கம்தான் ஓட்டுறோம், அதனாலயே எல்லாம் தெரிஞ்ச மாதிரி ஒரு மயக்கம் வந்துடும். புத்தகத்தை வாங்கிப் படிங்க.

வெள்ளை லாரி:
நடுவுல வர்றேன், மன்னிக்கவும். நான் வொர்க் பர்மிட். கம்பெனி லாரி ஓட்டச் சொல்றாங்க, ஊர் லைசென்ஸ் இருக்கு. எனக்கும் இந்த பிடிடி மட்டும் எழுதினா போதுமா?

ஊபி வாசி:
@வெள்ளை லாரி போதாது தம்பி. வேலைக்காக ஓட்டுற வொர்க் பர்மிட், எஸ் பாஸ்காரங்களுக்கு ஆறு மாசம்தான் கெடு. 2024 ஜூனிலிருந்து ஓட்டிக் காட்டுற டெஸ்ட்டும் பாஸ் பண்ணணும். "சும்மா ஓட்டு, நான் பார்த்துக்கிறேன்"னு முதலாளி சொன்னா நம்பாதே. கேஸ் உன் பேர்லதான் வரும். தனியா ஒரு கேள்வியா போடு, விவரமா சொல்றேன்.

வெள்ளை லாரி:
சரிண்ணே.

பேருக்குள் அப்பா:
பேர் சிக்கலுக்கு யாரும் பதில் சொல்லலையே. எனக்கும் அதேதான். லைசென்ஸில் கே. போட்டு என் பேர், பாஸ்போர்ட்டில் என் பேருக்குப் பின்னால் கிருஷ்ணமூர்த்தி. இங்க பாதிப் பேர் என்னைக் கிருஷ்ணமூர்த்தின்னுதான் கூப்பிடுறாங்க. நானும் திரும்பிப் பார்க்கிறேன், என்ன செய்ய.

உங்க ஊர் லைசென்ஸை எடுத்துப் பாருங்க, உங்க பேருக்குக் கீழ அப்பா பேர் முழுசா அச்சடிச்சிருக்கும். இந்தியப் பாஸ்போர்ட்டின் கடைசிப் பக்கத்திலும் அப்பா பேர் இருக்கு. நான் லைசென்ஸின் ரெண்டு பக்கம், பாஸ்போர்ட்டின் முதல் பக்கம், கடைசிப் பக்கம் நாலையும் ஸ்கேன் பண்ணிப் போட்டேன். பிறந்த தேதியும் ஒண்ணு, அப்பாவும் ஒருத்தர். அதுக்கப்புறம் யாரும் எதுவும் கேட்கல. பழைய பாஸ்போர்ட் இருந்தா அதையும் எடுத்து வைங்க, லைசென்ஸ் எடுத்த காலத்தில் ஊரில்தான் இருந்தீங்கன்னு காட்ட உதவும்.

தஞ்சாவூர்க்காரன்:
அட, ஆமாம்! 20 வருஷமா வச்சிருக்கேன், அப்பா பேர் அதில் இருக்கிறதையே இப்பதான் பார்க்கிறேன். ரொம்ப நன்றி.

உட்லண்ட்ஸில் ஒரு இடம் கிடைச்சிருக்கு, ஒன்பதாம் நாள். புத்தகம் வாங்கப் போறேன்.

மதுரை மருமகள்:
தமிழிலேயே எழுதலாம்னு சொல்றாங்களே, அது சுலபமா?

சிராங்கூன் அக்கா:
எழுதலாம். என் மாமனார் தமிழில்தான் எழுதினார். ஆனால் இந்தத் தம்பியைப் போல் ஊரில் இருந்து வந்தவர்களுக்கு நான் ஆங்கிலத்தையே சொல்வேன். சாலைச் சொற்களை நாம் யாரும் தமிழில் பழகவில்லை. ஓவர்டேக், சிக்னல், லேன் என்று பேசிவிட்டுத் திடீரென்று தூய தமிழில் கேள்வி வந்தால் இரண்டு தடவை படிக்க வேண்டியிருக்கும். பள்ளியில் தமிழ் படித்த எங்கள் பிள்ளைகளுக்கே அந்தத் தடுமாற்றம் உண்டு.

தஞ்சாவூர்க்காரன்:
(பத்து நாள் கழித்து)
43. ஃபெயில்.

சொல்லவே வெட்கமா இருக்கு. முன்னால போற வண்டிக்கும் நமக்கும் எவ்வளவு இடைவெளின்னு ஒரு கேள்வி. மணிக்கு 16 கிலோமீட்டர் வேகத்துக்கு ஒரு கார் நீளம்னு புத்தகத்தில் இருக்கு. நான் தஞ்சாவூர் கணக்கில் பதில் போட்டிருப்பேன் போல. ஹெட்லைட் மாலை 7 மணியிலிருந்து காலை 7 மணி வரை கட்டாயம்ங்கிறதும் தெரியாது, இருட்டினா போடணும்னு நினைச்சுக்கிட்டு இருந்தேன். மஞ்சள் கோடு ஒத்தையா ரெட்டையா, நேரா வளைஞ்சான்னு வந்த கேள்வியில் மொத்தமா குழம்பிட்டேன். ஊரில் கோடுன்னா அது கோடு, அவ்வளவுதான்.

ஊபி வாசி:
கோடுகளைப் படிச்சா வராது. மாலையில் உங்க புளோக்கைச் சுத்தி அரை மணி நேரம் நடங்க. மஞ்சள் கோடு, சிக்னல் பக்கம் மஞ்சள் கட்டம், கடக்குற இடத்துக்கு முன்னால வளைஞ்சு வளைஞ்சு வர்ற வெள்ளைக் கோடு, பஸ் லேன். ஒவ்வொண்ணையும் பார்த்து, இங்க நிறுத்தலாமா கூடாதான்னு உங்களையே கேட்டுக்குங்க. நான் மகளைக் கூட்டிக்கிட்டுப் போய் அப்படித்தான் படிச்சேன். அவ எட்டு வயசு, என்னைவிட அதிகமா சரியா சொன்னா.

இன்னொரு இடம் தேடிக்கிட்டே இருங்க.

தஞ்சாவூர்க்காரன்:
(12 நாள் கழித்து)
48! 22-ஆம் நாள் எழுதினேன், புக்கிட் பாத்தோக்கில் கிடைச்சது. வீட்டுக்கு வந்ததும் சிங்பாஸில் (அரசாங்க இணையக் கணக்கு) நுழைஞ்சு மனு போட்டேன், மாத்துற கட்டணம் 50 வெள்ளி. பேருக்குள் அப்பா சொன்ன மாதிரி நாலு பக்கமும் போட்டேன். ஊர் லைசென்ஸுக்கு இன்னும் அஞ்சு நாள் உயிர் இருக்கு.

இந்த மூணு வாரமா மருத்துவமனைக்கு எல்லாம் 170 நம்பர் பஸ்ஸும் எம்ஆர்டியும் கிராப்பும்தான். மனைவி நிம்மதியா இருக்காங்க. நான் ஓட்டினா வலது கால்ல அவங்களும் பிரேக் போடுவாங்களாம்.

கியர்மாற்றி:
வாழ்த்துகள் சார். கிடைச்சதும் அட்டை விஷயம் ஒண்ணு ஞாபகம் வச்சுக்குங்க. பாஸில் இருக்கிறவங்களுக்கு அஞ்சு வருஷத்துக்கு ஒரு தடவை புதுப்பிக்கணும். உங்களுக்கு நிரந்தரவாசம்ங்கிறதால அந்தத் தொல்லை இல்ல, 65 வயசில் மருத்துவப் பரிசோதனைன்னு கூப்பிடும்போது பார்த்துக்கலாம்.

தஞ்சாவூர்க்காரன்:
அப்ப ஊர் லைசென்ஸை அப்படியே விட்டுடலாமா?

கியர்மாற்றி:
விடாதீங்க. ஒரு வருஷத்துக்குள்ள ஊருக்குப் போவீங்க இல்லையா, குழந்தையைக் காட்ட? அப்ப நேரில் போய்ப் புதுப்பிச்சுடுங்க. புரோக்கருக்கு 6,000 எதுக்கு? அரசாங்கக் கட்டணம் அதைவிட ரொம்பக் குறைவு. கிளம்புறதுக்கு முன்னாடி சாரதி தளத்தில் (இந்திய அரசின் லைசென்ஸ் இணையதளம்) உங்க போன் நம்பரும் முகவரியும் சரியா இருக்கான்னு மட்டும் பார்த்துக்குங்க. 2024 பிப்ரவரி கடைசியிலிருந்து தமிழ்நாட்டில் அட்டையைக் கையில் தர்றதில்ல, ஸ்பீடு போஸ்ட்டில்தான் வரும். பழைய வாடகை வீட்டு முகவரி இருந்தா அங்க போய் நிக்கும். ஓடிபி-யும் பதிவான நம்பருக்குத்தான் போகும். அந்த நம்பர் இன்னும் இருக்கா?

தஞ்சாவூர்க்காரன்:
சிம் அப்பாவோட பழைய நோக்கியாவில் கிடக்கு. ரீசார்ஜ் பண்ணி எவ்வளவு நாளாச்சுன்னு தெரியல. இப்பவே கூப்பிட்டுச் சார்ஜ் போடச் சொல்றேன்.