ரோலர் ஷட்டர் ரிமோட் கிட்டப் போனால்தான் வேலை செய்யுது – உதவி தேவை

உப்புவெளியான்:
திருகோணமலை, கடற்கரைக்குக் கிட்ட வீடு. கார் விடுற இடத்து ஷட்டர் முந்தி 25 மீற்றரில் திறக்கும். இப்ப 4 மீற்றருக்குள்ள வந்தால்தான் அசையுது, இரவில் அதுவும் இல்லை. பற்றரி புதுசு, 12 வோல்ட் 23ஏ. சுவர் சுவிட்சில் ஒழுங்காக ஓடுது. ரிமோட்டில் 433.92 மெகாஹேர்ட்ஸ் என்று போட்டிருக்கு. மோட்டர் பெட்டிக்குள்ள ரிமோட் சிக்னலை வாங்கிற ரிசீவரை மாத்தவோ?

ஈயப்புகை:
அவசரப்படாதேங்கோ. மற்ற ரிமோட்டால் அழுத்திப் பாருங்கோ. அதுக்கும் 4 மீற்றர்தான் என்றால் பிழை ரிசீவர் பக்கம். ஒன்று மட்டும் குறைவென்றால் அதன் பற்றரித் தகட்டைப் பாருங்கோ, உப்புக் காற்றில் பச்சை பூத்திருக்கும். புதுப் பற்றரியையும் நம்பேலாது. பட்டனை அழுத்தினபடி மல்டிமீற்றரால் அளவுங்கோ. சும்மா அளந்தால் களைச்ச பற்றரியும் 12க்குக் கிட்டக் காட்டும்.

உப்புவெளியான்:
இரண்டும் ஒரே மாதிரித்தான்.

கால் அலை:
இரவில் மோசமென்றால் முதல் சந்தேகம் லைட்டில். மலிவு எல்ஈடி பல்புக்குள்ள இருக்கிற சுற்று ரேடியோ இரைச்சல் கக்கும். ரிமோட் சிக்னல் வந்தாலும் ரிசீவருக்குப் பிரிச்செடுக்க ஏலாது. சிசிடிவி அடாப்டர், சோலார் இன்வேட்டரும் இதே குணம். ஷட்டர் லைனை மட்டும் விட்டிட்டு மற்ற பிரேக்கர்களை ஒவ்வொன்றாக இறக்கி, 10 மீற்றரில் நின்று அழுத்துங்கோ. ஆர் குழப்புறார் என்று தெரியும்.

அடுத்தது அன்டெனா. கரண்டை நிப்பாட்டிப் போட்டு மோட்டர் பெட்டியைத் திறவுங்கோ. பூட்டினவர்கள் ரிசீவரின் அன்டெனாவான மெல்லிய வயரைச் சுருட்டி இரும்போட ஒட்ட வைச்சிருப்பினம். இந்த அலைவரிசைக்கு வேண்டியது 17.3 சென்ரிமீற்றர், நேராக, இரும்பில் முட்டாமல். ஒரு மீற்றர் வயர் பூட்டினால் இன்னும் எட்டும் என்கிறது சும்மா கதை.

உப்புவெளியான்:
முன்வாசல் பல்பைக் கழட்ட 12 மீற்றர் வந்தது. வயர் சுருட்டித்தான் கிடந்தது, நிமித்தினாப் பிறகு பகலில் 20. ஷட்டர் மூடியிருந்தால் மட்டும் குறையுது.

கால் அலை:
இரும்புத் தகடு அலையை மறைக்குது. அன்டெனாவை வெளியில எடுங்கோ: 50 ஓம் ஆர்ஜி58 கேபிள் (கோஆக்சியல் வயர்), நடுக்கம்பி ரிசீவரின் அன்டெனா முனைக்கு, அதைச் சுத்தியிருக்கிற கம்பி வலை ரிசீவர் போர்ட்டின் கிரவுண்டுக்கு. வெளி நுனியில் 17.3 சென்ரிமீற்றருக்கு வலையை உரிச்சு, நடுக்கம்பியை மட்டும் நேராக விடுங்கோ. வலையைக் கிரவுண்டில் பூட்டாமல் விட்டால் பிரயோசனமில்லை.

ஈயப்புகை:
வெளி நுனியைச் சிலிக்கோனால் அடைக்கேக்க வினாகிரி மணக்கிற வகை வேண்டாம், அது செம்பை அரிக்கும். நியூட்ரல் என்று கேட்டு வாங்குங்கோ.