குறும்படத்தில் என் குரல்: ஊர்ப் பேச்சா, பொதுத் தமிழா?

மார்த்தாண்டம்காரி:
அம்மச்சி முற்றத்தில் உட்கார்ந்து மரச்சீனிக் கிழங்கு உரிப்பதைப் போனில் எடுத்து, ஆறு நிமிடக் குறும்படமாக வெட்டி வைத்திருக்கிறேன். மேலே என் குரல் வர வேண்டும். இரண்டு முறை பதிவு செய்தேன். கேட்டால், செய்தி வாசிக்கிற யாரோ என் அம்மச்சியைப் பற்றிப் பேசுவது போல இருக்கிறது.

காரணம் தெரியும். எட்டு வருடத்துக்கு முன் சென்னை விடுதியில், வந்த முதல் வாரம், "குடிக்க வெள்ளம் எங்க இருக்கு?" என்று கேட்டேன். அறையே சிரித்தது. அன்றைக்கே வெள்ளம் தண்ணியானது. அப்புறம் மரச்சீனி மரவள்ளியானது, சக்கை பலாப்பழமானது. இப்போது வீட்டுக்குப் பேசும்போதும் அப்படியே வருகிறது. படத்தில் ஊர்ப் பேச்சில் சொன்னால் வெளியூர்க்காரர்களுக்குப் புரியுமா? சப்டைட்டில் போடலாமா?

எடிட்டிங் மேசை:
போடுங்கள். ஆனால் அதிலும் வெள்ளம் என்றே இருக்கட்டும், தண்ணீர் என்று திருத்தாதீர்கள். அம்மச்சி செம்பைத் தூக்கிக் குடிக்கும் காட்சி ஒன்று இருந்தால் போதும். இயக்குநர் ஷான்தால் அகெர்மான் 1970களில் எடுத்த ஒரு படத்தில், பெல்ஜியத்திலிருந்து அம்மா எழுதிய கடிதங்களை நியூயார்க் தெருக் காட்சிகளின் மேல் தானே வாசித்தார். பல இடங்களில் வண்டிச் சத்தம் குரலை விழுங்கிவிடும். சொல் நழுவினாலும் மகள் நமக்குக் கேட்கிறாள்.

எழுதி வைத்து வாசிக்க வேண்டாம். ஃபேனை நிறுத்துங்கள், போனை வாய்க்கு நேராக இல்லாமல் பக்கவாட்டில் ஒரு சாண் தள்ளி வையுங்கள். ஊர்க்காரர் ஒருவரை எதிரே உட்கார வைத்து அவரிடம் சொல்லுங்கள்.

தோவாளை:
நானும் குமரி மாவட்டம்தான் மக்கா. 1956 நவம்பர் 1-ல்தான் நாம் தமிழ்நாட்டோடு சேர்ந்தோம். அதுவரை திருவிதாங்கூர் பக்கம். அந்தப் பழக்கத்தில் வந்த சொல்லுக்கு எதற்கு வெட்கம்? ஒன்று மட்டும். மறந்துபோன சொல்லையெல்லாம் தேடிப் பிடித்துச் சேர்க்காதே. தண்ணி என்று வந்தால் அதுவும் இருக்கட்டும். எட்டு வருடம் சென்னையில் இருந்தது பொய்யில்லையே.

மார்த்தாண்டம்காரி:
நேற்று ராத்திரி தங்கச்சியை உட்கார வைத்துச் சொன்னேன். முதல் இரண்டு நிமிடம் தண்ணிதான். அம்மச்சி காய்ச்சலில் கிடந்த கதைக்கு வந்ததும், "கொஞ்சம் வெள்ளம் தா மக்களே" என்று அவர் கேட்டது அப்படியே என் வாயில் வந்துவிட்டது. அதற்கப்புறம் கடைசி வரை ஊர்ப் பேச்சுதான். இடையிடையே தங்கச்சி 'ம்' கொட்டுவதும் பதிவில் விழுந்திருக்கிறது. அதை வெட்டப் போவதில்லை.