ஃபிட் ஜிபி5 ஊர்ந்து போனால் உதறுகிறது. ‘கொம்பியூட்டர் அப்டேட்’ செய்ய 35,000 கேட்கிறார்கள், கொடுக்கலாமா?

கல்லடி டீச்சர்

வணக்கம். என்னிடம் இருப்பது ஹொண்டா ஃபிட் ஹைபிரிட், ஜிபி5. 2013 டிசம்பர் தயாரிப்பு. ஜப்பானில் சில மாதங்கள் ஓடிவிட்டு 2014 மே மாதம் கப்பல் ஏறியது என்று பழைய கடதாசிகளில் இருக்கிறது. நாங்கள் 2019 இல் வாங்கினோம். அடுத்த வருடமே வாகன இறக்குமதி நின்றது, இதை விற்று வேறொன்று எடுக்கும் யோசனையும் அதோடு நின்றது. இப்போது மீற்றரில் 118,000 கிலோமீற்றர்.

கல்லடியிலிருந்து வவுணதீவுக்குப் பாடசாலை போய்வர ஒரு குறையும் இல்லை. வலையிறவுப் பாலத்தில் பூப்போல ஓடும். ஞாயிறு பின்னேரம் மாமியைப் பார்க்க ஆரையம்பதிக்குப் புறப்பட்டால்தான், காத்தான்குடிக்குள் நுழைந்ததும் வேலையைக் காட்டும். நடு ரோட்டில் பேரீச்சை மரம், இரண்டு பக்கமும் ஒட்டோ, முன்னால் ஐந்து அடி ஊர்ந்து ஐந்து நிமிடம் நிற்கும் வான். அந்த ஊர்தலில் காரின் அடியிலிருந்து ‘டுர்ர்’ என்று ஓர் உதறல் வரும். பிரேக்கை விட்டதும் வெட்டி ஓர் இழுப்பு. பின் ஆசனத்திலிருந்து மகள், “அம்மா, காருக்கு விக்கல்” என்பாள்.

சித்திரை விடுமுறையில் செங்கலடி, மகாஓயா, பிபிலை வழியாகப் பதுளைக்குப் போனோம். லுணுகலை ஏற்றத்தில் ஒரு லொறிக்குப் பின்னால் மாட்டிக்கொண்டு மெல்ல ஏறும்போது, கியர் சூடாகிவிட்டது, நிறுத்து என்று திரையில் வந்தது. அரை மணித்தியாலம் ஓரங்கட்டிக் கச்சான் சாப்பிட்டோம். மறுகா ஒன்றும் நடக்காததுபோல ஏறியது.

இங்கே ஒரு கராஜில் ஸ்கேன் செய்துவிட்டு, “சாமானில் பழுதில்லை டீச்சர், சொப்ட்வெயர் பழசாகிவிட்டது. அப்டேட் அடித்தால் சரி” என்றார்கள். 35,000 ரூபாய். இன்னொருவர் கிளட்ச் முழுதாக மாற்ற வேண்டும் என்றார். அவர் சொன்ன தொகையை இங்கே எழுதினால் என் கணவர் வாசித்துவிடுவார்.

நான் கணிதம் படிப்பிக்கிறவள். எனக்கு விளங்காதது இதுதான்: சொப்ட்வெயர் என்ன டயரா, ஓடி ஓடித் தேய்வதற்கு? பத்து வருடத்துக்கு மேலாக ஒழுங்காக இருந்த புரோகிராம் இப்போது எப்படிக் கெட்டது? அப்டேட் நடக்கும்போது கார் அப்படியே செத்துப்போன கதைகளும் கேள்விப்பட்டேன். செய்தவர்கள் சொல்லுங்கள்.

ஏறாவூர் வேகம்

அக்கா, 35,000 எல்லாம் கொடுக்காதீங்க. பட்டரியின் மைனஸ் வயரைப் பத்து நிமிடம் கழற்றிவிட்டுத் திரும்பக் கொழுவுங்க. கொம்பியூட்டர் புதுசாகிவிடும். என் வாகனத்துக்கு அதுதான் மருந்து.

கல்லடி டீச்சர்

தம்பி, அதுவும் செய்தாயிற்று. மணிக்கூடும் ரேடியோ நிலையங்களும் போனதுதான் மிச்சம். விக்கல் போகவில்லை.

சாய்ந்தமருது வயரிங்

டீச்சர், முதலில் உங்கள் கேள்விக்கு. புரோகிராம் தேயாது. 2014 இல் எப்படி இருந்ததோ இன்றும் எழுத்து மாறாமல் அப்படியேதான் இருக்கும். தேய்வது கிளட்ச், பலம் குறைவது பட்டரி. ஆகவே ‘சொப்ட்வெயர் பழசாகிவிட்டது, அதனால்தான் உதறுகிறது’ என்பது காரணமே இல்லை. மைனஸ் வயரைக் கழற்றினால் அழிவது, கார் ஓடி ஓடிப் பழகி வைத்திருக்கும் சின்னச் சின்ன அளவுகள். புரோகிராமில் ஒரு எழுத்தும் அசையாது. தம்பி கோபிக்க வேண்டாம்.

ஆனாலும் உங்கள் காருக்கு அப்டேட் தேவைப்படலாம், அது வேறு விசயம். இந்த ஃபிட் ஹைபிரிட் 2013 செப்டெம்பரில் ஜப்பானில் விற்பனைக்கு வந்தது. குறைகளைத் திருத்த 2014 ஒக்டோபருக்குள் ஐந்து தடவை வாகனங்களைத் திருப்பி அழைத்தார்கள். கம்பனித் தலைவரே மூன்று மாதம் தன் சம்பளத்தில் 20 சதவீதத்தை விட்டுக்கொடுத்தார் என்றால் யோசித்துப் பாருங்கள். அந்த ஐந்தில் 2014 பெப்ரவரியில் வந்தது கியர் கொம்பியூட்டருக்கு. அதே வருடம் ஜூலையில் வந்தது எஞ்சின் கொம்பியூட்டருக்கு: புரோகிராமில் உள்ள குறையால் கார் எதிர்பாராமல் வேகமெடுக்கக்கூடும் என்று ஃபிட், வெசல் இரண்டிலுமாக ஒன்றே முக்கால் இலட்சம் வாகனங்களை அழைத்தார்கள்.

உங்கள் கார் மே மாதம் கப்பல் ஏறியது என்கிறீர்கள். அப்படியென்றால் பெப்ரவரி வேலை அங்கேயே முடிந்திருக்கும். ஜூலையில் வந்த வேலை நடந்திருக்க வழியில்லை, கார் அப்போது நம் நாட்டு ரோட்டில். இங்கே எத்தனை ஃபிட் இப்படி ஓடுகிறதோ, அல்லாஹ்தான் அறிவான்.

காசு கொடுக்குமுன் இரண்டு வேலை செய்யுங்கள். சாரதிப் பக்கக் கதவைத் திறந்து, பூட்டுக் கொளுவி விழும் இடத்தைப் பாருங்கள். ஜப்பானில் திருத்தம் செய்தால் அந்த இடத்தில் எண் போட்ட சின்ன ஸ்டிக்கர் ஒட்டுவார்கள். இங்கே கழுவிக் கழுவிச் சிலதில் உரிந்திருக்கும். அதனால் இரண்டாவது வேலை: ஹொண்டாவின் ஜப்பான் இணையத்தளத்தில் சாசி எண்ணை அடித்தால் எந்தத் திருத்தம் நடந்தது, எது மிச்சம் என்று காட்டும். ஜப்பான் மொழிதான், போனில் மொழிபெயர்த்து வாசிக்கலாம்.

இனி செத்துப்போகும் கதை. அது பொய்யில்லை, நானே ஒன்றைக் கொன்றிருக்கிறேன்.

எழுதும் கருவி முதலில் பழைய புரோகிராமை அழிக்கும். பிறகுதான் புதியதைத் துண்டு துண்டாக எழுதும். நடுவில் கரண்ட் விழுந்தால் பழையதும் இல்லை, புதியதும் இல்லை. இந்த வேலை நடக்கும்போது ஹைபிரிட் காரை ரெடியில், அதாவது ஓடத் தயாரான நிலையில், வைக்க முடியாது, பிரேக்கை மிதிக்காமல் பொத்தானை இரண்டு தடவை அமத்தி ஒன்னில் வைக்க வேண்டும். அந்த நிலையில் மோட்டரை ஓட்டும் பெரிய பட்டரி சின்னப் பட்டரிக்குச் சார்ஜ் கொடுக்காது. கொம்பியூட்டர்கள், லைட், விசிறி எல்லாம் 12 வோல்ட் பட்டரியைத்தான் உறிஞ்சும்.

2025 பெப்ரவரி 9, ஞாயிற்றுக்கிழமை. எங்களுக்கு வெள்ளிதான் லீவு, ஞாயிறு கடை திறந்திருக்கும். ஒரு ஜப்பான் வானின் கொம்பியூட்டருக்கு எழுதிக்கொண்டிருந்தேன். வானின் பட்டரி மோசம் என்று தெரிந்தும், சார்ஜர் கொழுவியிருக்கிறதே என்று விட்டுவிட்டேன். பதினொன்றரை போல முழு நாட்டுக்கும் கரண்ட் போனது. பாணந்துறையில் குரங்கு ஒன்று ட்ரான்ஸ்ஃபோமரில் கை வைத்த நாள், ஞாபகம் இருக்கும். குரங்கு பாணந்துறையில், என் வான் சாய்ந்தமருதில். சார்ஜர் நின்றதும் மீற்றர் 12.6 இலிருந்து 11 க்குக் கீழே சறுக்கியது. பார்த்துக்கொண்டே இருந்தேன், கையால் பிடிக்க முடியாதே. பிறகு கொம்பியூட்டர் பெட்டியைக் கழற்றி, திறந்து, மேசையில் வைத்து நேராக எழுதித்தான் உயிர் வந்தது. எட்டு நாள் போனது. வான்காரர் ஒரு வார்த்தை ஏசவில்லை, அதுதான் இன்னும் கஷ்டம்.

அன்றிலிருந்து நல்ல லொறிப் பட்டரி ஒன்றைச் சமாந்தரமாகக் கொழுவாமல் எந்த வாகனத்திலும் கை வைப்பதில்லை. யாரிடம் கொடுத்தாலும், “எழுதும்போது வோல்ட் எப்படிப் பிடிப்பீர்கள்?” என்று கேளுங்கள். “ஒன்றும் ஆகாது டீச்சர்” என்று பதில் வந்தால் காரைத் திருப்பிக்கொண்டு வந்துவிடுங்கள்.

கடைசியாக ஒன்று. உதறும்போது திரையில் பெரிய பட்டரியின் கட்டம் எத்தனை? ஏசி ஓடியதா? குறித்துக்கொண்டு வாருங்கள். காரணத்தை மறுகா சொல்கிறேன்.

அக்கரைப்பற்று 121

அப்டேட் என்று காசு வாங்கிக்கொண்டு, ஸ்கேனரில் பிழைக் குறியை அழித்துவிட்டு அனுப்புகிறவர்களும் இருக்கிறார்கள். எனக்கு நடந்தது, ஊர் பேர் வேண்டாம். மூன்று நாளில் அதே லைட் திரும்ப எரிந்தது. உண்மையில் எழுதினால் புரோகிராம் எண் மாறும். எழுதுமுன் ஒரு படம், எழுதிய பின் ஒரு படம் கேட்டு வாங்குங்கள்.

நானா, என்னுடையது 2003 கொரோலா 121. அதற்கும் ஏதாவது அப்டேட் இருக்கிறதா?

சாய்ந்தமருது வயரிங்

படம் பற்றிச் சொன்னது சரி. ஹொண்டாவில் அந்த எண் 37805 என்று தொடங்கும், பின்னால் வரும் எழுத்துகள்தான் மாறும்.

உங்கள் 121 ஓடுகிறதா? பெற்றோல் அளவாகக் குடிக்கிறதா? அப்படியானால் அதைச் சும்மா விடுங்கள்.

கல்லடி டீச்சர்

மூன்று வாரம் கழித்து எழுதுகிறேன், மன்னிக்கவும். தவணைப் பரீட்சை.

நானா சொன்னபடி கதவைத் திறந்து பார்த்தேன். ஆறு வருடமாக அந்தக் கதவைத் திறந்து மூடுகிறேன், இரண்டு ஸ்டிக்கர் இருப்பதை அன்றுதான் கண்டேன். மஞ்சளாகிப் போயிருந்தன, நகத்தால் அழுக்கைச் சுரண்டினால் எண் தெரிந்தது. இணையத்தளத்தில் ஜூலைத் திருத்தம் ‘செய்யப்படவில்லை’ என்றே காட்டியது. கணவருக்குக் காட்டினேன். “எதிர்பாராமல் வேகமெடுக்கும்” என்ற வரியை இரண்டு தரம் வாசித்தார். காசு பற்றிய கதை அதோடு நின்றுவிட்டது.

பழைய கராஜுக்கே போய் நானா சொன்ன கேள்வியைக் கேட்டேன். பதிலும் நானா எழுதியபடியேதான் வந்தது, எழுத்துப் பிசகாமல். காரைத் திருப்பிக்கொண்டு வந்துவிட்டேன்.

பிறகு சாய்ந்தமருதுக்கே கொண்டுபோனோம். கொழும்பில் உரிமத்தோடு கருவி வைத்திருக்கும் நானாவின் கூட்டாளி கல்முனைக்கு வரும் நாள் பார்த்து வைத்த வேலை. வேறு காரிலிருந்து உருவிய கோப்பை எழுத மாட்டேன் என்று நானா ஒற்றைக் காலில் நின்றார். அடுப்படி அம்மிக்கல் அளவில் லொறிப் பட்டரி ஒன்று தரையில். அதிலிருந்து தடித்த இரண்டு வயர் என் காருக்கு. லைட், ஏசி, ரேடியோ எல்லாம் நிறுத்தம். கதவைத் திறக்க வேண்டாம் என்று மகளுக்குக் கட்டளை, கதவு திறந்தால் உள் லைட் எரியுமாம். முதலில் பழைய எண்ணைப் படம் எடுத்தோம். பிறகு லப்டொப்பில் ஒரு பச்சைக் கோடு நகரத் தொடங்கியது. நானா லப்டொப் பக்கம் திரும்பவே இல்லை, வோல்ட் மீற்றரையே பார்த்துக்கொண்டிருந்தார். 12.8, 12.7, திரும்ப 12.8. நாற்பது சதவீதத்தில் காருக்குள் ஏதோ ஒரு விசிறி தானாகச் சுற்றத் தொடங்கியது, எனக்கு உயிர் போய் வந்தது. அவர் அசையவில்லை. முழுதாகச் சுமார் இருபது நிமிடம். லப்டொப் காரை நிறுத்தச் சொன்னது, நிறுத்தினார். திரும்பப் போட்டார், ரெடி வந்தது. எண்ணின் கடைசி எழுத்துகள் மாறியிருந்தன. இரண்டு படமும் என்னிடம் இருக்கின்றன.

விக்கல் நின்றதா? இல்லை. அடுத்த ஞாயிறே காத்தான்குடியில் அதே ‘டுர்ர்’. ஆனால் இப்போது காரணம் தெரியும். டாஷ்போர்ட்டில் ஒரு கொப்பி வைத்துக் குறித்தேன். பதினான்கு தடவை உதறியது. அதில் பதினொன்றில் பட்டரிக் கட்டம் இரண்டு அல்லது அதற்கும் கீழே, ஏசி ஓடிக்கொண்டிருந்தது. இதைப் பார்த்ததும் நானா சிரித்துவிட்டு விளங்கப்படுத்தினார். பட்டரியில் இருப்பு இருந்தால் மோட்டரே காரை நகர்த்தும், கிளட்ச் பிடிக்கத் தேவையில்லை. இருப்பு குறைந்தால் எஞ்சின் எழும்பி, கிளட்சைப் பாதி பிடித்துப் பாதி விட்டு ஊர வேண்டும். இதில் ஏசியும் பெரிய பட்டரியிலிருந்துதான் ஓடுகிறது, வெயிலில் ஊர்ந்தால் பட்டரி இறங்கிக்கொண்டே போகும். கிளட்சோ எண்ணெயில் ஊறாத உலர் கிளட்ச், சூடேறினால் சூடு போக இடமில்லை. லுணுகலை ஏற்றத்தில் நடந்ததும் இதேதான்.

பட்டரியைக் குளிர்விக்கும் காற்று வழியைத் திறந்து சுத்தம் செய்தார்கள். ஒரு பிடி தூசியும் மகளின் பழைய தலைமயிர் பட்டி ஒன்றும் வந்தன. ஓட்டும் விதத்தையும் மாற்றிவிட்டேன். முன்னால் உள்ள வான் ஐந்து அடி போனால் நானும் ஐந்து அடி ஊர்வதில்லை. பிரேக்கை அமத்திக்கொண்டு நின்று, இருபது முப்பது அடி இடம் விழுந்ததும் ஒரே தடவையில் போகிறேன். பின்னால் ஹோர்ன் அடிக்கிறார்கள், அடிக்கட்டும். இந்த இரண்டு ஞாயிறிலும் உதறியது மொத்தமே மூன்று தடவை.

கிளட்ச் தேய்ந்திருக்கிறது, மாற்றத்தான் வேண்டும் என்கிறார் நானா. தைப்பொங்கல் வரை தாக்குப்பிடிக்குமாம்.

ஏறாவூர் வேகம்

அக்கா, என் கூட்டாளியிடம் 2014 வெசல் ஒன்று இருக்கிறது. இன்றைக்கே கதவைத் திறந்து பார்க்கச் சொன்னேன். ஸ்டிக்கர் ஒன்றும் இல்லையாம். சாசி எண்ணை அந்தத் தளத்தில் எப்படி அடிப்பது, நடுக் கோட்டோடா, கோடு இல்லாமலா?