சென்சாரிங்: தணிக்கையா, எச்சமா, இதுவரையா?

அனைவருக்கும் வணக்கம்.

தொண்டித் தம்பி போன வாரம் போட்ட கேள்வி இன்னும் தொங்கிக்கொண்டிருக்கிறது. புற்றுநோயாளிகள் எத்தனை காலம் வாழ்கிறார்கள் என்று கணிக்கும் புள்ளியியலில் 'சென்சார்டு டேட்டா' என்று ஒன்று வருகிறதே, அதாவது முடிவு என்ன என்று தெரியும் முன்பே நம் பார்வையிலிருந்து விட்டுப்போன ஆட்களின் தரவு, அதற்குத் தமிழ் என்ன? பதினைந்து வருடமாக இந்தத் தரவோடுதான் குடித்தனம் நடத்துகிறேன். ஆனாலும் சட்டென்று பதில் எழுத வரவில்லை.

> தணிக்கைத் தரவு என்று சில இடங்களில் பார்த்தேன் அக்கா. அதையே வைத்துக்கொள்ளலாமே?

வேண்டாம் தம்பி. தணிக்கை என்றதும் நமக்கு நினைவு வருவது இரண்டே பேர். ஒருவர் படத்தை வெட்டுகிறவர், இன்னொருவர் சங்கத்துக் கணக்கைச் சரிபார்க்க வரும் ஆடிட்டர். 'தணிக்கை செய்யப்பட்ட தரவு' என்று எழுதினால் சரிபார்த்து முத்திரை குத்திய தரவு என்றுதான் வாசிப்பவர் எடுத்துக்கொள்வார். பொருள் தலைகீழாகிவிடும். இங்கே யாரும் எதையும் வெட்டவும் இல்லை, மறைக்கவும் இல்லை. நாம் பார்த்துக்கொண்டிருந்த காலம் முடிந்துவிட்டது, அவ்வளவுதான்.

பாம்பன்காரி நான், படகை வைத்தே சொல்கிறேன். சித்தப்பா விசைப்படகில் போகிறவர். காலையில் டோக்கன் வாங்கிக் கடலுக்குப் போனால் மறுநாள் விடிந்துதான் கரை. சித்தி பாலத்தடியில் நின்றுகொண்டிருப்பாள். ஏழு மணிக்குப் போய்க் கேட்டால், 'இதுவரைக்கும் வரல' என்பாள். வரமாட்டார் என்றும் சொல்லமாட்டாள், வந்துவிட்டார் என்றும் சொல்லமாட்டாள். ஏழு மணி வரைக்கும் அவளுக்குத் தெரிந்தது அந்த ஒன்றுதான், அதைத்தான் சொல்கிறாள். இந்தப் புள்ளியியலில் முக்கால்வாசி அந்த இரண்டு சொல்லுக்குள் அடக்கம்.

நோயாளி விஷயமும் இப்படித்தான். சிகிச்சை முடித்து 9 மாதம் வரை வந்து போனார், அதன்பின் வரவில்லை. 9 மாதம் உயிரோடு இருந்தார் என்பது உறுதி, மேற்கொண்டு எதுவும் தெரியாது. நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு மருத்துவமனையில் கொடுத்த கோப்பில் இப்படிப்பட்ட வரிகளையெல்லாம் யாரோ ஏற்கெனவே அழித்துவிட்டிருந்தார்கள். ஏன் என்று கேட்டேன். 'முடிவு தெரியாத கேஸ்மா, எதுக்கு?' என்றார்கள். அழித்தால் என்ன ஆகும் என்று ஒரு கற்பனைக் கணக்குப் போட்டுப் பார்ப்போம்.

ஐந்து பேர். ஒருவர் 6ஆம் மாதம் இறந்தார். இன்னொருவரை 9ஆம் மாதத்துக்குப் பிறகு காணோம். மூன்றாமவர் 12ஆம் மாதம் இறந்தார். மீதி இருவர் 24 மாதம் கழித்தும் நலம். காணாமல் போனவரை அழித்துவிட்டால் 24 மாதம் பிழைத்தவர் நாலில் இருவர், 50 சதவீதம். இறந்தார் என்று வைத்தால் 40. பிழைத்தார் என்று வைத்தால் 60. பிழைத்தவர் விகிதத்தைப் படிப்படியாகக் கணக்கிடும் கப்லான்-மேயர் முறையில் அவர் இருந்த வரைக்கும் அவரைக் கணக்கில் சேர்க்கிறோம். 6ஆம் மாதத்தில் ஐந்தில் நால்வர் பிழைத்தார்கள். 12ஆம் மாதத்தில் கண்ணில் இருந்தவர்கள் மூவர், அதில் இருவர் பிழைத்தார்கள். ஐந்தில் நாலை மூன்றில் இரண்டால் பெருக்கினால் சுமார் 53 சதவீதம். அந்த 9 மாதம் வீணாகவில்லை பாருங்கள். கட்டுரைகளில் படிக்கட்டு மாதிரி இறங்கும் கோடு ஒன்று வருமே, அதன்மேல் குட்டிக் குட்டியாகக் குச்சி போட்டிருப்பார்கள். ஒவ்வொரு குச்சியும் இப்படி ஓர் ஆள்.

பேச்சோடு பேச்சாக ஒன்று. கப்லானும் மேயரும் 1958இல் எழுதிய கட்டுரை அது. மேயருக்குப் புற்றுநோயாளிகளின் ஆயுள் கவலை. கப்லானுக்கோ கடலடித் தொலைபேசிக் கம்பியில் இருந்த வெற்றிடக் குழாய்கள் எத்தனை நாள் உழைக்கும் என்ற கவலை. தனித்தனியாக இருந்த இரண்டு வேலையும் ஒரே கட்டுரையாகச் சேர்ந்தது. நோயாளிக் கணக்குக்குப் படகைக் கொண்டுவந்தேன் என்று யாரும் சிரிக்க வேண்டாம், இந்தக் கணக்கு பிறந்தபோதே பாதி கடலுக்குள்தான் கிடந்தது!

அடுத்து, கீழக்கரை ஐயாவின் யோசனை.

> எச்சம் என்பேன். 'வந்த', 'வந்து' என்பவை எச்சம், 'வந்தான்' முற்று. முடிவு கண்டது முற்றுப் பதிவு, காணாதது எச்சப் பதிவு. தொல்காப்பியம் தந்த சொல் இருக்க, கடன் எதற்கு?

ஐயா, படித்ததும் எழுந்து நின்று கைதட்டத் தோன்றியது. முடிவை எதிர்பார்த்து நிற்கிற வினை, முடிவை எதிர்பார்த்து நிற்கிற நோயாளி. இதைவிடப் பொருத்தம் கிடைக்காது. ஆனால் எங்கள் துறையில் 'ரெசிடியுவல்' என்பதற்கு, அதாவது கணிப்புக்கும் நடந்ததற்கும் உள்ள வித்தியாசத்துக்கு, எச்சம் என்று ஏற்கெனவே எழுதிவருகிறோம். ஆயுளை எவை எவை கூட்டும், குறைக்கும் என்று பார்க்க 1972இல் காக்ஸ் என்ற புள்ளியியலாளர் தந்த கணித மாதிரியைச் சரிபார்க்கும்போது இரண்டும் ஒரே பத்தியில் வரும். எந்த எச்சம் என்று வாசகர் முழிப்பார். (தம்பி வேறு, கட்டிப்போட்ட படகின்மேல் காக்கா போடுவதும் எச்சம்தானே என்று தனிமடலில் கேட்டிருக்கிறான். அவனை விடுங்கள்.)

முற்று, முற்றா என்று மட்டும் வைத்துக்கொள்ளலாமா என்றும் யோசித்தேன். வேறு துறை என்றால் சரி என்றிருப்பேன். புற்றுநோயில் முடியாது. 'நோய் முத்திப் போச்சு' என்பதுதான் நம் வீடுகளில் முதலில் காதில் விழும் வாக்கியம். 'முற்றாப் பதிவுகள்' என்று தலைப்புப் போட்டால், ஆரம்ப நிலையிலேயே கண்டுபிடித்த நோயாளிகள் என்று மருத்துவரே எடுத்துக்கொள்வார்.

அதனால் என் ஓட்டு சித்திக்கு: இதுவரைப் பதிவு.

ஐயா அடுத்து என்ன கேட்பார் என்று தெரியும். இடப்பக்கம், இடைப்பட்டது என்று வேறு வகையும் இருக்கிறதே? இருக்கிறது. நான் ஐந்து மணிக்குப் போகும்போதே படகு கட்டிக் கிடக்கிறது, எப்போது வந்தது என்று தெரியாது. அது இதற்குமுன் பதிவு. ஐந்து மணிக்கு இல்லை, டீ குடித்துவிட்டு ஏழுக்கு வந்தால் நிற்கிறது. அது இதற்கிடைப் பதிவு. கட்டி திரும்ப வந்த நாளைக் கணக்கிடும்போது இந்த மூன்றாவது வகை நிறைய வரும். போன ஸ்கேனில் இல்லை, இந்த ஸ்கேனில் இருக்கிறது, நடுவில் எந்த நாள் என்று யாருக்குத் தெரியும்?

அன்புடன்,
பாம்பன்காரி

---

மகளே,

எச்சத்தை விட்டுக்கொடுக்க மனமில்லை. ஆனால் 'முத்திப் போச்சு' என்ற இடத்தில் வாயடைத்துப் போனேன். என் மூத்தவளுக்கு வந்தபோது அதே சொல்லைத்தான் கேட்டோம்.

எனினும் இரண்டு குறை சொல்வேன். ஒன்று, இதுவரை என்பதை வினையாக்க வராது. 'சென்சார் ஆனார்' என்பதை எப்படி எழுதுவாய்? 'இதுவரையானார்' என்றால் காது கூசுகிறது. இரண்டு, மூன்று வகைக்கும் சேர்த்து ஒரு பொதுப்பெயர் வேண்டாமா?

இன்னொரு சந்தேகம், இலக்கணம் சாராதது. படகு வராததற்குக் காரணம் வேறு வேறாக இருக்குமே. மண்டபத்தில் கரை பிடித்திருக்கலாம், புயலில் சிக்கியும் இருக்கலாம். இரண்டையும் ஒரே பெயரிட்டு அழைப்பது சரியா?

---

ஐயா,

கடைசிக் கேள்வியை முதலில் எடுக்கிறேன், அங்கேதான் கணக்கு கவிழும். கப்லான்-மேயர் முறை, காணாமல் போனவரும் மற்றவர்களைப் போலத்தான் இருப்பார் என்று நம்பிக்கொண்டு நடக்கிறது. மண்டபத்தில் கரை பிடித்த படகு என்றால் அந்த நம்பிக்கை பலிக்கும். வேறு ஊருக்குக் குடிபோனவர், அங்கேயே வைத்தியம் பார்ப்பவர் எல்லாம் அந்த வகை. உடம்பு மோசமாகி, மதுரைக்குப் பஸ் ஏறத் தெம்பில்லாமல் வீட்டோடு படுத்துவிட்டவர் புயலில் சிக்கிய படகு. அவரையும் முதல் வகையில் போட்டால் பிழைத்தவர் விகிதம் உள்ளதைவிட அதிகமாகத் தெரியும். ஆகவே பெயர் ஒன்றாக இருக்கட்டும், காரணத்தை அடைமொழியாக வைப்போம்: நோய்சாரா இதுவரைப் பதிவு, நோய்சார் இதுவரைப் பதிவு. தொடர்பு விட்டுப்போனவரின் வீட்டுக்குப் போன் போட்டு விசாரிக்கிறோமே, அது இந்த இரண்டையும் பிரிக்கத்தான்.

வினைக்கு 'இதுவரையில் நின்றார்' என்று எழுதிப் பார்த்தேன். 'இரண்டாம் நோயாளி 9ஆம் மாதத்தில் இதுவரையில் நின்றார்.' எனக்கே கொஞ்சம் இடிக்கிறது. 'பதிவு 9ஆம் மாதத்தோடு நின்றது' என்றால் சரளமாக இருக்கிறது, கலைச்சொல்லும் தேவைப்படவில்லை.

பொதுப்பெயர் மட்டும் இன்னும் கிடைக்கவில்லை. 'அரைப்பதிவு' என்று தம்பி எழுதியிருக்கிறான், அரைகுறை மாதிரி ஒலிக்கிறது என்று சொல்லிவிட்டேன். மூத்த அக்காவைப் பற்றி எழுதியிருந்தீர்கள். ஞாயிற்றுக்கிழமை ஊருக்கு வருகிறேன், வீட்டுக்கு வரட்டுமா ஐயா?