தெற்கு வீதி குடும்பம்: பில்பாவோ பயணம்

சாந்தா அத்தை: அருண், நான் பிரசவத்துக்கு வரல. அந்த ஊர்ல குண்டு வைப்பாங்களாமே. கோயில்ல சொன்னாங்க

அருண்: பில்பாவோலயா? அம்மா!!

மீனா: டிக்கெட் போட்டாச்சா இல்லையா

மணி சித்தப்பா: யாரும் பதற வேண்டாம். விளக்கமா சொல்றேன்

கோபு: நான் டீ போட்டுட்டு வரேன்

மணி சித்தப்பா: பில்பாவோ இருக்கறது ஸ்பெயினோட வடக்குல, பாஸ்க் மொழி பேசற பகுதில. அங்க குண்டு வச்ச ஆயுத இயக்கம் பேரு எட்டா (ETA). பாஸ்க் தாயகமும் விடுதலையும்னு அர்த்தம். 1959ல ஆரம்பிச்சது. அப்ப ஸ்பெயின்ல சர்வாதிகாரி பிராங்கோ ஆட்சி. பாஸ்க் மொழியைப் பள்ளிக்கூடத்துல பேச விடல, குழந்தைக்கு அந்த மொழில பேர் பதிய விடல. பழைய பாஸ்க் தேசியக் கட்சி கையைக் கட்டிட்டு உக்காந்திருக்குன்னு காலேஜ் பசங்க தனியா கிளம்பினாங்க

சாந்தா அத்தை: பேர் வைக்க விடலையா? அப்ப நம்ம குழந்தைக்கு?

அருண்: அது அந்தக் காலம்மா. இப்ப போர்டெல்லாம் ரெண்டு மொழிலயும் இருக்கு

கோபு: பேர்னதும் ஞாபகம் வருது. அருணுக்குத் தாத்தா பேர் வைக்கறதா பேச்சு

ராஜி பெரியம்மா: பழசைக் கிளறாதே

மணி சித்தப்பா: 1973 டிசம்பர் 20, மாட்ரிட். பிரதமர் கர்ரேரோ பிளாங்கோ சர்ச்சுக்குப் போயிட்டு கார்ல வரார். சிற்பிங்கன்னு சொல்லி வீடு எடுத்து, தெருவுக்கு அடியில சுரங்கம் தோண்டி குண்டு வச்சிருந்தாங்க. கார் அப்படியே கட்டடத்தைத் தாண்டி அந்தப் பக்கம் விழுந்தது

கோபு: உங்க ஸ்கூட்டர் கிணத்துல விழுந்த மாதிரியா சித்தப்பா

சாந்தா அத்தை: பாத்தியா! கார் பறக்குதாம்!

மீனா: சித்தப்பா, நீங்க அத்தையை அனுப்பப் பாக்கறீங்களா, நிறுத்தப் பாக்கறீங்களா

மணி சித்தப்பா: முழுசா கேளும்மா. 1975ல பிராங்கோ போயாச்சு. 1979ல பாஸ்க் பகுதிக்குத் தன்னாட்சியும் வந்தாச்சு. அதோட நிறுத்தியிருக்கணும். இவங்க கொன்னது 800 பேருக்கு மேல, அதுல பெரும்பாலும் அதுக்கப்புறம்தான். 1987ல பார்சிலோனா கடைல வச்ச குண்டுக்கு 21 பேர். இயக்கத்தை விட்டு விலகி வந்த யோயெஸை 1986ல, அவ பெத்த சின்னப் பையன் கண்ணெதிர்லயே சுட்டாங்க

ராஜி பெரியம்மா: அய்யோ. சொந்த ஆளையேவா

மணி சித்தப்பா: சர்க்காரும் யோக்கியம் இல்ல அண்ணி. ரகசியமா கூலிப்படை வச்சுக் கொன்னாங்க. அந்த விவகாரத்துல உள்துறை மந்திரியா இருந்தவரே ஜெயிலுக்குப் போனார். அப்புறம் 1997. எர்முவா ஊர் கவுன்சிலர் மிகெல் ஆங்ஹெல் பிளாங்கோ, 29 வயசு. எட்டாக்காரங்க அவரைக் கடத்திட்டு, எங்க கைதிங்களை ஊர்ப்பக்கம் மாத்துன்னு 48 மணி நேரம் கெடு. லட்சக்கணக்குல ஜனம் தெருவுக்கு வந்து கெஞ்சிச்சு. சுட்டுட்டாங்க

அருண்: மாமா, இங்க ஆபீஸ்ல இதைப் பத்தி யாரும் வாயே திறக்க மாட்டாங்க. ஒருத்தர் மட்டும் சொன்னார், அவங்க அப்பா தினம் காருக்கு அடியில குனிஞ்சு பார்த்துட்டுத்தான் வண்டி எடுப்பாராம்

மீனா: ம்ம்

சாந்தா அத்தை: மணி, இப்ப வைக்கறாங்களா இல்லையா? அதைச் சொல்லு

மணி சித்தப்பா: 2011 அக்டோபர்லயே நிறுத்திட்டாங்க. 2018ல இயக்கத்தையே கலைச்சாச்சு

மீனா: இதை முதல்லயே சொல்லியிருக்கலாமே 🙏

சாந்தா அத்தை: புழுங்கல் அரிசி கிடைக்குமா அங்க?

அருண்: கிடைக்கும்மா. மார்ச்சுல வரியா?

சாந்தா அத்தை: தனியா வர மாட்டேன். மணி கூட வந்தா பாக்கலாம்

ராஜி பெரியம்மா: அவரை நம்பி காசிக்குப் போய் ரயிலை விட்டது மறந்துபோச்சா

மணி சித்தப்பா: ரயில்தான் முன்னாடியே கிளம்பிடுச்சு

அருண்: அம்மா, பாஸ்போர்ட் எப்ப முடியுதுன்னு பாரு

சாந்தா அத்தை: பீரோல இருக்கு. சாவி அண்ணிகிட்ட

ராஜி பெரியம்மா: என்கிட்ட எந்தச் சாவியும் இல்ல